முதல் பக்கத்தில் யார் பெயர்?

கேள்வி: வெள்ளைக்காரரோடு சண்டை பிடித்த வன்னி மன்னன் பண்டாரவன்னியனைப் பற்றித் திரைக்கதை எழுதி முடித்துவிட்டேன். 212 பக்கம். கற்சிலைமடுச் சண்டையில் அவன் இறப்பதோடு படம் முடிகிறது. சென்னையில் ஒருவர் முழுவதையும் ஈமெயிலில் அனுப்பச் சொல்கிறார். கதையை எடுத்துக்கொண்டு என் பெயரைப் போடாமல் விட்டுவிடுவார்களோ என்று பயம். காமென்ற்ஸ் (ஆடைத் தொழிற்சாலை) வேலை முடிந்து வந்து தங்கச்சிதான் இரவிரவாக ரைப் பண்ணித் தந்தாள், பெண்கள் பேசும் காட்சிகளையும் மாற்றி எழுதினாள். முதல் பக்கம் இணைத்திருக்கிறேன்.
- வாசகர், ஒட்டுசுட்டான்

பதில்: தம்பி, சென்னைக்காரர் கிடக்கட்டும். நீங்கள் அனுப்பிய பக்கத்தில் 'கதை, திரைக்கதை, வசனம்' என்பதற்குக் கீழே உங்கள் பெயர் மட்டும்தான் இருக்கிறது. தங்கச்சி எங்கே?

1958இல் வந்த 'நாடோடி மன்னன்' படத்துக்கு வசனம் எழுதியவர்கள் கண்ணதாசனும் ரவீந்தரும். ரவீந்தர் யாரென்று உங்கள் ஊரில் நாலு பேரிடம் கேட்டுப் பாருங்கள். டைட்டிலில் பெயர் வந்தவருக்கே அந்தக் கதி. உங்கள் வீட்டில் அதுகூட இல்லை.

ரைப் பண்ணியது உதவி. மாற்றி எழுதியது எழுத்து. 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டப்படி, அவள் எழுதிய பகுதிக்கு அவளுக்கும் உரிமை உண்டு. அவளைக் கேட்காமல் அதை விற்க உங்களால் முடியாது. சட்டத்தை விடுங்கள். சீதனம் சேர்த்துக் கொடுத்தால் அண்ணன் கடமை முடிந்ததென்று ஆர் சொன்னது?

இனி உங்கள் பயத்துக்கு வருவோம். இலங்கையில் பதிப்புரிமைக்குப் பதிவு தேவையில்லை, எழுதியவுடனேயே உரிமை வந்துவிடும். எப்போது எழுதினீர்கள் என்பதற்குத்தான் அத்தாட்சி வேண்டும். பழைய கொப்பிகளை எறியாதீர்கள். முழுப் பிரதியையும் பிடிஎப் ஆக்கி இருவருடைய ஈமெயிலுக்கும் அனுப்பி வையுங்கள். சென்னைக்கு இப்போதைக்கு இரண்டு பக்கக் கதைச் சுருக்கம் போதும். பிடித்திருந்தால் ஒப்பந்தம் எழுதட்டும்: டைட்டிலிலும் போஸ்டரிலும் இரண்டு பெயர்கள், கையெழுத்திடும்போது ஒரு பங்கு பணம், கடைசிப் பிரதி கொடுக்கும்போது மிச்சம். 'பிறகு பாப்பம் தம்பி' என்றால் கதையைக் கொடுக்காதீர்கள்.

பக்கத்துக்கு ஒரு நிமிடம் என்றாலும் 212 பக்கம் மூன்றரை மணித்தியாலம். 140க்குள் கொண்டு வாருங்கள். குதிரையும் கூட்டமும் வரும் ஒவ்வொரு சண்டையும் பல நாள் படப்பிடிப்பு, தயாரிப்பாளர் அந்த இடத்திலேயே மூடி வைத்துவிடுவார். 1803 ஆகஸ்ட் 25 முல்லைத்தீவுக் கோட்டையை அவன் பிடித்தது, ஒக்டோபர் 31 கற்சிலைமடுவில் தோற்றது, இந்த இரண்டும் போதும். அந்த முடிவையும் பாருங்கள். கற்சிலைமடு நினைவுக்கல்லில் வெள்ளைக்காரன் வெட்டுவித்தது 'தோற்கடித்தான்' என்றுதான், 'கொன்றான்' என்றல்ல. ஊருக்குப் பக்கத்தில் நின்ற கல், தம்பி.

பக்கம் குறைக்க உட்காரும்போது முதலில் பெண்கள் பேசும் காட்சிகளில்தான் கை போகும். போகக்கூடாது. தங்கச்சிக்கு லீவு வருகிற நாளில் சமையலை நீங்கள் பாருங்கள். அவள் இருந்து, தான் எழுதிய காட்சிகளின் இலக்கங்களைக் குறிக்கட்டும்.