அல்கனீசெஸ் ஒப்பந்தம் – ஒரு கடிதம்

அன்புள்ள ஐயா,

1297-ல் போர்ச்சுகலும் காஸ்டீலும் (இன்றைய ஸ்பெயினின் ஒரு பகுதி) தங்கள் எல்லையை வகுத்துச் செய்துகொண்ட அல்கனீசெஸ் ஒப்பந்தத்தை நீங்கள் பாராட்டி எழுதியதில் எனக்கு உடன்பாடில்லை. காஸ்டீலின் அரசனுக்கு அப்போது பதினோரு வயது. சமயம் பார்த்துப் படையோடு போய் நிலத்தைப் பிடுங்கியதெல்லாம் சமாதானமா? அந்த எல்லை இன்றும் அப்படியே இருக்கிறதா?

ச.

அன்புள்ள ச.,

பிடுங்கியதுதான், மறுக்கவில்லை. 1295-ல் காஸ்டீல் அரசர் நான்காம் சான்சோ இறந்து மகன் ஃபெர்னாண்டோ பட்டத்துக்கு வந்தான். பெற்றோரின் திருமணத்தைப் போப் ஏற்றிருக்கவில்லை, அதனால் இவன் முறையான வாரிசே இல்லை என்று சொந்தச் சித்தப்பாவே கிளம்பினார். கிழக்கே அரகான் மன்னர் முர்சியாவுக்குள் புகுந்தார், மேற்கே போர்ச்சுகல் மன்னர் டினிஸ் கோஆ ஆற்றுக்கு அப்பால் இருந்த கோட்டைகளைப் பிடித்துக்கொண்டார்.

ஆனால் நீங்கள் பையனை மட்டும் பார்க்கிறீர்கள், அவன் பெயரில் பேச்சு நடத்திய தாய் மரியா டி மோலினாவை விட்டுவிட்டீர்கள். சபுகால், அல்மெய்டா போன்ற ஊர்கள் ஏற்கெனவே கைவிட்டுப் போனவை. அவற்றை எழுதிக் கொடுத்து, எதிரிகளில் ஒருவரைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். டினிஸின் மகள் கான்ஸ்டான்சா ஃபெர்னாண்டோவுக்கு, ஃபெர்னாண்டோவின் தங்கை பியாட்ரிஸ் டினிஸின் மகனுக்கு என்று பெண் கொடுத்துப் பெண் எடுத்தார்கள். நாற்பது வருடம் நட்பு என்றும் எழுதினார்கள். மகன் அரியணையில் தப்பிப் பிழைத்ததில் இதற்குப் பெரிய பங்கு உண்டு என்றே நினைக்கிறேன்.

டினிஸும் சும்மா வாங்கிக்கொண்டு போகவில்லை. தெற்கே அரோச்சே, அராசேனா மீதிருந்த உரிமையை விட்டுக்கொடுத்துத்தான் ஒலிவென்சாவையும் காம்போ மயோரையும் வாங்கினார்.

எனக்கு இதில் மிகவும் பிடித்த விஷயம் வேறு. கோஆவுக்கு அப்பாலிருந்த ஊர்கள் போர்ச்சுகலுக்கு வந்த பிறகும், அங்கிருந்த தேவாலயங்கள் சுமார் நூறு வருடம் காஸ்டீலில் இருந்த சியுடாட் ரொட்ரிகோ ஆயரின் கீழேயே இருந்தன. அரசன் மாறினான், ஆயர் மாறவில்லை. எல்லாவற்றையும் ஒரே நாளில் வெட்டிப் பிரிக்காமல் விட்டதுதான் இந்த எல்லை ஊன்றி நின்றதற்கு ஒரு காரணம் என்பது என் எண்ணம்.

சண்டை அதோடு நின்றதா என்றால், இல்லை. 1336-ல் மறுபடி போர், அப்புறம் 1385-ல் அல்ஜுபரோட்டா என்ற இடத்தில் இரு நாடுகளும் மோதிய சண்டை. ஆனாலும் ஒவ்வொரு முறையும் ஏறத்தாழ இந்தக் கோட்டுக்கே திரும்பி வந்தார்கள், இன்றைய எல்லையின் பெரும்பகுதியும் இதுதான். பெரிய விலக்கு ஒலிவென்சா. 1801-ல் ஸ்பெயின் எடுத்துக்கொண்ட அந்த ஊர் தன்னுடையது என்ற உரிமையைப் போர்ச்சுகல் இன்றுவரை விட்டுக்கொடுக்கவில்லை.