விளம்பரத்தில் என் முகம், வேறொருவரிடம் என் வேடம்: சட்ட ஆலோசனை

கேள்வி: ஐயா, வணக்கம். நான் தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரில் உள்ள சாட்ஸ்வொர்த்தில் வசிக்கும் நடிகை. மேடை நாடகத்தில் தொடங்கி, பிறகு டிவியில் ஓர் அரைமணி நேர நகைச்சுவைத் தொடரில் மூன்று சீசன்கள் மாமியார் வேடத்தில் நடித்தேன். நான்காவது சீசனுக்கு வேறொருவரை எடுத்துவிட்டதாக மூன்று வாரங்களுக்கு முன் மின்னஞ்சல் வந்தது. அதற்கு முன்புவரை, "மார்ச்சில் வேறு வேலை எதுவும் ஒத்துக்கொள்ளாதீர்கள், நீங்கள் எங்களுக்கு வேண்டும்" என்றுதான் வாட்ஸ்அப்பில் சொல்லிக்கொண்டிருந்தார்கள். இரண்டாவது சீசனின் கடைசித் தவணை 26,500 ராண்ட் இன்னும் வரவில்லை. வரவேண்டிய நாள் கடந்து இரண்டு ஆண்டு எட்டு மாதம் ஆகிறது. இதற்கிடையே ஒரு மசாலாக் கம்பெனி, மாமியார் வேடத்தில் இருக்கும் என் படத்தைப் பாக்கெட்டில் அச்சடித்து, ஓர் எபிசோடின் சிறு துண்டையும் ஃபேஸ்புக் விளம்பரத்தில் ஓட்டுகிறது. படத்தைத் தயாரிப்பு நிறுவனம் கொடுத்ததாம். என்னை யாரும் கேட்கவில்லை. தொடர் ஓடும் வரை வேறெந்த நகைச்சுவை வேடத்திலும் நடிக்கக்கூடாது என்று ஒப்பந்தத்தில் இருப்பதைக் காட்டி, எனக்கு வந்த மேடை வாய்ப்பையும் தடுக்கிறார்கள். பழைய எபிசோடுகளோ திரும்பத் திரும்ப ஓடுகின்றன. அதில் எனக்கு ஒரு சென்ட் கூட இல்லை என்பதுதான் என் மனத்தை மிகவும் வாட்டுகிறது. எனக்கு என்ன உரிமை இருக்கிறது? (பெயர் வெளியிட விரும்பாத வாசகி)

பதில்: அன்புள்ள சகோதரிக்கு, வணக்கம்.

உங்கள் மனத்தை அதிகம் வாட்டுவது மறு ஒளிபரப்பு. ஆனால் நம் நாட்டுச் சட்டம் உங்களுக்கு மிகக் குறைவாகத் துணை நிற்பது அந்த ஒரு விஷயத்தில்தான். நீங்கள் வேகமாகச் சொல்லிக் கடந்துபோன மற்ற நான்கிலும் உங்கள் பக்கம் வலு இருக்கிறது. அவற்றில் இரண்டுக்குக் கெடு ஓடிக்கொண்டிருப்பதால், உங்கள் வரிசையை விட்டுவிட்டு, எது முதலில் கைநழுவிப் போகுமோ அதிலிருந்து தொடங்குகிறேன்.

முதலாவது, வேடத்தை வேறொருவருக்குக் கொடுத்தது. ஒப்பந்தத்தின் முதல் பக்கத்திலேயே நீங்கள் ஊழியர் அல்ல, சுயேச்சையான ஒப்பந்தக்காரர் என்று எழுதியிருக்கிறது. தென்னாப்பிரிக்காவில் அநேகமாக எல்லா நடிகர்களின் ஒப்பந்தத்திலும் இந்த வரி இருக்கும். பலர் அதைப் படித்ததும் தொழிலாளர் சட்டம் தங்களுக்கு இல்லை என்று முடிவுகட்டி விடுகிறார்கள். அப்படி முடிவுகட்டத் தேவையில்லை. 1995ஆம் ஆண்டின் 66ஆம் எண் தொழிலாளர் உறவுச் சட்டத்தின் 200ஏ பிரிவு, தாளில் எழுதியிருக்கும் பெயரைப் பார்க்காமல் வேலை உண்மையில் எப்படி நடந்தது என்பதைப் பார்க்கச் சொல்கிறது. வேலை நேரத்தை எதிர்த்தரப்பு தீர்மானித்ததா, வேலை செய்யும் முறையை அவர்கள் கட்டுப்படுத்தினார்களா, பொருளாதார ரீதியாக அவர்களையே நம்பி இருந்தீர்களா என்பன போன்ற ஏழு அடையாளங்களை அது சொல்கிறது. அவற்றில் ஒன்று இருந்தாலே, எதிர்த்தரப்பு மறுத்து நிரூபிக்கும் வரை, நீங்கள் ஊழியர் என்றே கொள்ளப்படும். தொழிலாளர் துறை அமைச்சர் அறிவிக்கும் ஆண்டு வருமான வரம்புக்குள் சம்பாதிப்பவர்களுக்கே இந்த அனுமானம் நேரடியாகப் பொருந்தும். வரம்பைத் தாண்டியவர்களும் ஊழியர் என்று வாதாடலாம். ஆனால் நிரூபிக்கும் சுமை அவர்களுடையதாகிவிடும்.

நீங்கள் ஊழியர் என்று நிலைநாட்டப்பட்டால், அதே சட்டத்தின் 186(1)(பி) பிரிவு கைகொடுக்கும். குறிப்பிட்ட காலத்துக்கான ஒப்பந்தம் புதுப்பிக்கப்படும் என்று எதிர்பார்க்க நியாயமான காரணம் இருந்தும் அதைப் புதுப்பிக்காமல் விடுவது பணிநீக்கமாகவே கருதப்படும். இரண்டு முறை புதுப்பித்திருக்கிறார்கள் என்பதும், அந்த வாட்ஸ்அப் செய்தியும் உங்களுக்குச் சாதகம். கதாபாத்திரத்தை யார் நடிப்பது என்பது கலை சார்ந்த முடிவு என்று அவர்கள் வாதாடுவார்கள். அந்த வாதத்துக்கும் எடை உண்டு. ஆகவே வெற்றி உறுதி என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் மார்ச் மாதத்தைக் காலியாக வைத்திருக்கச் சொல்லிவிட்டு உங்களைக் கைவிட்டது, வழக்கை விசாரிக்கும் எந்த ஆணையரும் எளிதில் தள்ளிவிடக் கூடிய செய்தி அல்ல. புதுப்பிக்கப் போவதில்லை என்று உங்களுக்கு அறிவித்த நாளிலிருந்து 30 நாட்களுக்குள் சிசிஎம்ஏ எனப்படும் சமரச, நடுவர் ஆணையத்தில் மனுப் படிவம் சேர வேண்டும். உங்களிடம் மீதமிருப்பது ஒரு வாரம் அளவுதான். படிவத்துக்குக் கட்டணம் இல்லை. டர்பனிலேயே அலுவலகம் இருக்கிறது. கெடு தவறினால் தாமதத்தைப் பொறுத்தருளக் கோரித் தனி விண்ணப்பம் போட வேண்டும், அது கிடைக்கும் என்ற உத்தரவாதம் இல்லை. தயவுசெய்து இதைப் படித்த மறுநாளே போங்கள்.

அடுத்தது 26,500 ராண்ட். 1969ஆம் ஆண்டின் 68ஆம் எண் காலாவதிச் சட்டப்படி இத்தகைய கடன் மூன்று ஆண்டுகளில் காலாவதியாகிவிடும். உங்களுக்கு இன்னும் நான்கு மாதம் இருக்கிறது. மூன்றாவது சீசன் போய்விடுமோ என்ற பயத்தில் இதுவரை வாய் திறக்காமல் இருந்ததாகத் தனியாக எழுதியிருந்தீர்கள். அந்தப் பயம் எனக்குப் புரிகிறது, இந்தத் தொழிலில் இருக்கும் பெண்கள் பலரிடம் அதை நான் கேட்டிருக்கிறேன். ஆனால் சட்டத்தின் கடிகாரம் அந்தப் பயத்துக்காக நிற்பதில்லை. நோட்டீஸ் அனுப்பிவிட்டால் கெடு நின்றுவிடும் என்று பலர் நம்புகிறார்கள். அது தவறு. நீதிமன்ற அழைப்பாணை எதிர்த்தரப்பின் கையில் சேரும்போதுதான் காலாவதி தடைபடும்.

இன்னொரு வழியும் உண்டு. கடன்பட்டவரே கடனை ஒப்புக்கொண்டால், ஒப்புக்கொண்ட நாளிலிருந்து மூன்று ஆண்டு புதிதாகத் தொடங்கும். நீங்கள் இணைத்திருந்த கணக்குப் பிரிவின் மின்னஞ்சலில், "சேனலிடமிருந்து பணம் வந்ததும் உங்கள் கடைசித் தவணையைச் செலுத்துவோம்" என்று இருக்கிறது. அது ஒப்புதல்தான் என்பது என் கருத்து. மின்னஞ்சலுக்கும் வாட்ஸ்அப்புக்கும் 2002ஆம் ஆண்டின் மின்னணுத் தொடர்புச் சட்டம் சட்டமதிப்பு தந்திருக்கிறது. ஆயினும் அந்த ஒரு வரியை நம்பி நான்கு மாதத்தை விட்டுவிடாதீர்கள். அதை இரண்டாவது அரணாக மட்டும் வைத்துக்கொள்ளுங்கள்.

எந்த நீதிமன்றம் என்பதில் நீங்கள் ஒரு முடிவு எடுக்க வேண்டும். சிறு தொகை வழக்குகளுக்கான ஸ்மால் கிளெய்ம்ஸ் கோர்ட்டின் உச்சவரம்பு 20,000 ராண்ட். 6,500 ராண்டை விட்டுக்கொடுக்கச் சம்மதித்தால் அங்கே போகலாம். வக்கீல் செலவு இல்லை, இரு தரப்புக்கும் வக்கீல் வாதாட அனுமதியும் இல்லை. கம்பெனிகள் அங்கே வழக்குப் போட முடியாது, ஆனால் அவற்றின் மீது போடலாம். முதலில் எழுத்துமூலம் பணத்தைக் கேட்டு 14 நாள் அவகாசம் தர வேண்டும். முழுத் தொகையும் வேண்டுமென்றால் மாவட்ட மாஜிஸ்திரேட் நீதிமன்றம். அங்கே வக்கீல் வைத்து நடத்தினால் செலவு அந்த 6,500ஐ எளிதாக விழுங்கிவிடும். நான் உங்கள் இடத்தில் இருந்தால் முதல் வழியில்தான் போவேன். ஒரே ஒரு எச்சரிக்கை: மூன்றாவது சீசன் ஒப்பந்தத்தில், "இதற்கு முந்தைய எல்லாப் பாக்கியும் தீர்ந்தது" என்று ஒரு வாசகம் ஒளிந்திருக்கலாம். கையெழுத்திட்ட பிரதியின் கடைசிப் பக்கங்களை எனக்கு அனுப்புங்கள். நீங்கள் அனுப்பியதில் அவை இல்லை.

இனி மசாலா விளம்பரம். கடிதத்தின் நடுவில் இரண்டு வரியில் சொல்லியிருக்கிறீர்கள். ஆனால் உங்கள் வழக்கில் மிக வலுவானது இதுதான் என்று நினைக்கிறேன்.

பாக்கெட்டின் படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தேன். மூக்குத்தி, நெற்றிப் பொட்டு, கொண்டையில் பூ, ஒரு பக்கமாகச் சாய்ந்து முறைக்கும் அந்தப் பார்வை. தொடரின் பெயரோ சேனலின் முத்திரையோ எங்கும் இல்லை, ஓரத்தில் வெட்டியிருக்கிறார்கள். இந்த வெட்டு உங்களுக்கு உதவுகிறது. ஏனென்றால், உங்கள் ஒப்பந்தத்தின் 11ஆம் பிரிவு, "தொடரை விளம்பரப்படுத்துவதற்காக" உங்கள் பெயரையும் உருவத்தையும் பயன்படுத்த அனுமதி தருகிறது. மிளகாய்த்தூள் விற்பது தொடரை விளம்பரப்படுத்துவது ஆகாது. தொடரின் பெயரே இல்லாத பாக்கெட்டை வைத்துக்கொண்டு அவர்கள் அப்படி வாதாடவும் முடியாது.

"அது நீங்கள் அல்ல, எங்கள் கதாபாத்திரம்" என்று சொல்வார்கள். கதாபாத்திரத்தின் பெயர், வசனம், எழுதப்பட்ட கதை ஆகியவை அவர்களுடையவை என்பதை ஒப்புக்கொள்ளலாம். ஆனால் பொட்டையும் பூவையும் எடுத்துவிட்டாலும் அது உங்கள் முகம். அந்தக் கடைத்தெருவில் போகும் எவரும் உங்களைத்தான் அடையாளம் காண்பார்கள். ஒருவரின் அடையாளத்தைச் சம்மதமின்றி வணிகத்துக்குப் பயன்படுத்துவது அவருடைய ஆளுமை உரிமையை மீறுவதாகும் என்பதை நம் நீதிமன்றங்கள் நெடுங்காலமாகச் சொல்லி வருகின்றன. 1954இல் கேப் மாகாண நீதிமன்றம் விசாரித்த ஓ'கீஃப் வழக்கில், செய்திக் கட்டுரைக்கென்று ஒரு பெண் சம்மதித்து எடுத்த படத்தைத் துப்பாக்கி விளம்பரத்தில் போட்டுவிட்டார்கள். ஒன்றுக்குத் தந்த சம்மதம் இன்னொன்றுக்குச் செல்லாது என்பதே அதன் சாரம். 2007இல் க்ரூட்டர் வழக்கில் மேல்முறையீட்டு உச்ச நீதிமன்றம் அடையாளத்துக்கான உரிமையைத் தெளிவாக அங்கீகரித்தது. 2011இல் முன்னாள் மிஸ் சவுத் ஆப்பிரிக்காவும் டிவி தொகுப்பாளருமான பசெட்சானா குமாலோ, தன் படத்தை விளம்பரத்தில் போட்ட சைக்கிள் கடை மீது தொடர்ந்த வழக்கில் வென்றார். புகழ்பெற்றவர் என்பதற்காக அவருடைய முகம் பொதுச்சொத்தாகிவிடாது என்பதற்கு இதைவிடப் பொருத்தமான முன்னுதாரணம் உங்களுக்குத் தேவையில்லை.

எபிசோடின் துண்டைப் பொறுத்தவரை இன்னொரு ஆயுதமும் இருக்கிறது. 1967ஆம் ஆண்டின் 11ஆம் எண் கலைஞர் பாதுகாப்புச் சட்டத்தின் 5ஆம் பிரிவுப்படி, எந்த நோக்கத்துக்காகப் பதிவுசெய்யச் சம்மதித்தீர்களோ அதற்கு மாறான நோக்கத்துக்காக அந்தப் பதிவைப் படியெடுக்க உங்கள் அனுமதி வேண்டும். தொலைக்காட்சித் தொடருக்கென்று தந்த சம்மதம் மசாலா விளம்பரத்தைத் தாங்காது.

கடையில் ஒரு பாக்கெட் வாங்கி, ரசீதோடு வையுங்கள். ஃபேஸ்புக் பக்கத்தைத் தேதி தெரியும்படி படமெடுத்து, வீடியோவையும் சேமியுங்கள். நோட்டீஸ் போன மறு நிமிடமே அதை நீக்கிவிடுவார்கள். மசாலாக் கம்பெனிக்கும் தயாரிப்பு நிறுவனத்துக்கும் ஒரே நாளில் நோட்டீஸ் போக வேண்டும்: விற்பனையை நிறுத்துங்கள், எத்தனை பாக்கெட் அச்சிட்டீர்கள் என்று சொல்லுங்கள், நியாயமான தொகை கொடுங்கள் என்று. மறுத்தால் உயர் நீதிமன்றத்தில் தடையாணை. விளம்பர ஒழுங்குமுறை வாரியத்திலும் புகார் செய்யலாம்; உயிரோடிருக்கும் ஒருவரை அவர் அனுமதியின்றி விளம்பரத்தில் காட்டக்கூடாது என்பது அதன் விதிகளில் உண்டு. பெரும்பாலும் இத்தகைய சிறு கம்பெனிகள் நோட்டீஸிலேயே இறங்கி வந்துவிடும். தீபாவளி விற்பனைக்கு முன்பே அனுப்பினால் இன்னும் சீக்கிரம் இறங்கி வரும்.

மேடை நாடகத் தடையைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன், ஏனென்றால் அது அவ்வளவு பயப்படத்தக்கதல்ல. 1984இல் மேக்னா அலாய்ஸ் வழக்கு முதல், தொழில் கட்டுப்பாட்டு உடன்படிக்கை முதல் நோக்கில் செல்லுபடியாகும், நியாயமற்றது என்று காட்ட வேண்டியது கட்டுப்படுத்தப்பட்டவர்தான் என்பது சட்டம். உங்களால் அதைக் காட்ட முடியும். உங்களைத் தொடரிலிருந்து நீக்கிவிட்டு, சம்பளமும் தராமல், தொடர் எத்தனை ஆண்டு ஓடினாலும் எந்த மேடையிலும் சிரிக்க வைக்கக்கூடாது என்று கட்டிப்போடுவதில் அவர்கள் பாதுகாக்க வேண்டிய நலன் என்ன இருக்கிறது? 1993இன் பாசன் வழக்கு கேட்கச் சொல்லும் முதல் கேள்வியே அதுதான். தொழிலைத் தேர்ந்தெடுக்கும் உரிமையை அரசமைப்பின் 22ஆம் பிரிவும் தருகிறது. அதே மாமியாரை, அதே பெயரில், அதே வசனத்தோடு மேடையில் கொண்டுவராதீர்கள். அது வேறு வழக்காகிவிடும். புதிய வேடமென்றால் நாடகக் குழுவுக்குச் சம்மதம் சொல்லுங்கள்.

கடைசியாக, மறு ஒளிபரப்பு. 1978ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம், படத்தைத் தயாரிக்க ஏற்பாடு செய்தவரையே அதன் ஆசிரியராகக் கருதுகிறது, நடித்தவரை அல்ல. நீங்கள் "இப்போதுள்ள, இனி வரப்போகும் எல்லா ஊடகங்களிலும், என்றென்றைக்கும்" என்று எழுதிக் கொடுத்திருக்கிறீர்கள். மறு ஒளிபரப்புக்கு ஒப்பந்தத்தில் தொகை குறிப்பிடாதபோது, அந்தப் பணத்தை நீதிமன்றத்தில் கேட்டு வாங்க வழி மிகக் குறைவு. இதை நியாயம் என்று நான் சொல்லவில்லை. அநியாயம் என்றே கருதுகிறேன். 2014இல் 'ஜெனரேஷன்ஸ்' தொடரின் 16 நடிகர்கள் ஊதியத்துக்காகவும் மறு ஒளிபரப்புப் பங்குக்காகவும் வேலைநிறுத்தம் செய்து, வேலையையே இழந்தார்கள். நடிகர்களுக்குப் பங்கு தரும் பதிப்புரிமை, கலைஞர் பாதுகாப்புத் திருத்த மசோதாக்களை 2019இல் நாடாளுமன்றம் நிறைவேற்றியது; 2020இல் ஜனாதிபதி திருப்பி அனுப்பினார்; 2024 பிப்ரவரியில் மீண்டும் நிறைவேறின; அக்டோபரில் அவர் அவற்றை அரசமைப்பு நீதிமன்றத்துக்கு அனுப்பினார். இந்த இழுபறியை நம்பி உங்கள் பழைய ஒப்பந்தத்துக்கு வழக்குப் போடுவது வீண்செலவு.

ஆனால் மசாலா விளம்பரத்துக்காகத் தயாரிப்பு நிறுவனம் உங்களோடு பேச்சுக்கு உட்காரும்போது, இந்த விஷயத்தையும் மேசையில் வையுங்கள். சட்டப்படி கேட்க முடியாததைச் சமரசத்தில் கேட்கலாம். அடுத்து எந்த ஒப்பந்தம் வந்தாலும், முதல் ஒளிபரப்புக்குப் பிந்தைய ஒவ்வொரு ஓட்டத்துக்கும் ஒரு சதவீதம், ஸ்ட்ரீமிங் தளத்துக்குப் போனால் தனித்தொகை, உங்கள் உருவத்தைப் பிற பொருள்களில் போடுவதற்கு ஒவ்வொரு முறையும் எழுத்துமூலச் சம்மதம் ஆகியவற்றைக் கேளுங்கள். தென்னாப்பிரிக்க நடிகர் சங்கமான சாகாவில் உறுப்பினராகி, கையெழுத்திடும் முன் அவர்களிடம் ஒப்பந்தத்தைக் காட்டுங்கள். வக்கீல் வைக்க வசதியில்லையென்றால், இலவச சட்ட உதவி தரும் லீகல் எய்டிலோ குவாசுலு-நட்டால் பல்கலைக்கழகச் சட்ட மையத்திலோ விசாரியுங்கள். முதலில் சிசிஎம்ஏ படிவத்தைக் கொடுத்து, முத்திரையிட்ட பிரதியை வாங்கிக்கொண்டு, பிறகு எனக்குப் போன் செய்யுங்கள்.