எல்லாரும் சமம்னு சொன்ன சோவியத் யூனியன்ல அந்தஸ்து, வசதிய கிண்டல் பண்ணி காமெடி படம் வந்திருக்கா?

வந்திருக்கு, அதுவும் அரசாங்க ஸ்டூடியோவான மோஸ்ஃபில்ம்லயே. ஒரே ஒரு படம் பாக்கணும்னா எல்தார் ரியாசனோவ் 1979ல எடுத்த 'கராஜ்' பாருங்க.

கதை ரொம்ப சிம்பிள். விலங்குகள சுற்றுச்சூழல்கிட்ட இருந்து பாதுகாக்குறதுக்குன்னு ஒரு ஆராய்ச்சி நிலையம் (ஆமா, பேரே நக்கல்தான்). அங்க வேலை செய்றவங்க சேர்ந்து கார் ஷெட் கட்ட ஒரு கூட்டுறவு சங்கம் வச்சிருக்காங்க. பக்கத்துல ரோடு வருது, இடம் பத்தல, அதனால நாலு பேர லிஸ்ட்ல இருந்து தூக்கணும். அப்ப சோவியத்ல சராசரி சம்பளம் மாசம் 170 ரூபிள் மாதிரிதான், கார் விலையோ ஆயிரக்கணக்குல, அதுக்கும் வருஷக்கணக்குல காத்திருக்கணும், அப்படி வாங்குன கார நிறுத்த இடம் கிடைக்கறதுன்னா சும்மாவா.

கமிட்டி யாரத் தூக்குதுன்னு பாருங்க, போர்ல சண்டை போட்ட பெரியவர், தொண்டை கட்டிப்போயி ஒரு வார்த்தை பேச முடியாத ஒரு ஆராய்ச்சியாளர், இந்த மாதிரி எதிர்த்துக் கேக்க வழியில்லாத ஆளுங்க. ஆனா அந்த ஆபீஸ்க்கே சம்பந்தமில்லாத மார்க்கெட் டைரக்டரா இருக்குற ஒரு லேடியும் ஒரு பெரிய ஆளோட பையனும் மட்டும் லிஸ்ட்ல ஜம்முனு இருக்காங்க. அந்தம்மாவ எதுக்கு சேத்தாங்கன்னு கேக்கவே வேணாம், நல்ல சாமான் எல்லாம் அவங்க கைலதான இருக்கு! பணத்த விட யாரத் தெரியும்ங்கறதுதான் அங்க அந்தஸ்து.

எனக்கு இதுல பிடிச்சதே மேலிடத்த திட்டிட்டு நழுவாம கூட வேலை பாக்குறவங்களயே போட்டு கிழிக்கறதுதான். தன் பேரு லிஸ்ட்ல பத்திரமா இருக்குன்னு தெரிஞ்சதும் எல்லாரும் மீட்டிங்ல டக்குனு கை தூக்கி ஓட்டு போட்டுட்டு வீட்டுக்கு கெளம்புவாங்க பாருங்க, அங்க சிரிப்பும் வரும் எரிச்சலும் வரும். அப்பதான் மலாயெவாங்கற ஒரு சின்ன உருவ லேடி (இத்தனைக்கும் அவங்க பேர லிஸ்ட்ல இருந்து தூக்கல) கதவப் பூட்டி சாவிய ஒளிச்சு வச்சிடுறாங்க. அப்புறம் ராத்திரி முழுக்க பாடம் பண்ணி வச்ச மிருகங்களுக்கு நடுவுல அத்தன பேரும் மாட்டிக்கிட்டு ஒருத்தர் வண்டவாளத்த ஒருத்தர் எடுத்து விடுறதுதான் மொத்த படமும். நீர்யானை மேல சாஞ்சு தூங்கிட்டே இருக்குற ஆள கவனிங்க, அது ரியாசனோவேதான்.

கடைசில சீட்டு குலுக்கற வரைக்கும் போகுது, யார் மாட்டுனாங்கன்னு சொன்னா சுவாரஸ்யம் போயிடும். பாட்டு, சண்டை, வெளி லொகேஷன்னு எதிர்பாக்காதீங்க, ஆரம்பத்துல கொஞ்சம் ஆளுங்க பேரு குழம்பும், கதவு பூட்டுற வரைக்கும் மட்டும் பொறுத்துக்கோங்க.