பிரெஸ்பர்கரின் பங்கு

கேள்வி: சில பழைய பிரிட்டிஷ் படங்களில் ‘எழுதி, தயாரித்து, இயக்கியவர்கள் மைக்கேல் பவல், எமெரிக் பிரெஸ்பர்கர்’ என்று ஒரே வரியில் இரண்டு பெயர்கள் வருகின்றன. பவலைப் பற்றிப் படித்திருக்கிறேன். மற்றவர் யார்? எந்தப் படத்தை முதலில் பார்க்கலாம்?
– வாசகர், பாளையங்கோட்டை

பதில்: படப்பிடிப்புத் தளத்தில் நின்று இயக்கியவர் பவல்தான். ஆனால் கதையை உருவாக்கி, திரைக்கதையின் முதல் வடிவத்தை எழுதி, படத்தொகுப்பிலும் இசையிலும் உடனிருந்தவர் பிரெஸ்பர்கர். அதனால்தான் அந்த ஒரே வரி. அது பெருந்தன்மையால் தரப்பட்டதன்று, உழைப்புக்கு உரிய பங்கு என்றே நான் கருதுகிறேன்.

1902-இல் ஹங்கேரியின் மிஷ்கோல்ட்ஸ் நகரில் யூதக் குடும்பமொன்றில் பிறந்த அவருடைய இயற்பெயர் இம்ரே. பிராகிலும் ஷ்டுட்கார்ட்டிலும் பொறியியல் படித்துக்கொண்டிருந்தபோது தந்தை இறந்துவிட, படிப்பைக் கைவிட்டு பெர்லினுக்குப் போய், வறுமையில் உழன்று, இறுதியில் உஃபா படநிறுவனத்தில் திரைக்கதையாளரானார். 1933-இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்ததும் பாரிஸுக்குத் தப்பினார். தேடி வருவோர் கதவை உடைக்க வேண்டாம் என்று சாவியைக் கதவிலேயே விட்டுச் சென்றதாகச் சொல்வார்கள். 1935-இல் லண்டன் சேர்ந்தார். முப்பது வயதுக்குப் பிறகு கற்ற ஆங்கிலத்தில்தான் அவர் தம் புகழ்பெற்ற படைப்புகளை எல்லாம் எழுதினார்.

அங்கே இன்னொரு ஹங்கேரியரான தயாரிப்பாளர் அலெக்சாண்டர் கோர்டாவின் வழியாக, 1939-இல் வெளிவந்த ‘தி ஸ்பை இன் பிளாக்’ படத்துக்காகப் பவலுடன் இணைந்தார். ‘ஃபார்ட்டி நைன்த் பேரலல்’ (1941) அவருக்குச் சிறந்த மூலக்கதைக்கான ஆஸ்கரைப் பெற்றுத்தந்தது.

என்றாலும், அவரை அறிய ‘தி லைஃப் அண்ட் டெத் ஆஃப் கர்னல் பிளிம்ப்’ (1943) படத்தைத்தான் பார்க்க வேண்டும். உலகப்போர் நடந்துகொண்டிருந்த நேரத்தில், ஒரு பிரிட்டிஷ் அதிகாரிக்கும் ஒரு ஜெர்மானிய அதிகாரிக்கும் இடையே நாற்பதாண்டுக் காலம் நீளும் நட்பைச் சொன்ன அந்தப் படத்தைச் சர்ச்சில் தடுக்க முயன்றார். மனைவியை இழந்து, பிள்ளைகளும் நாஜிகளாகிவிட, முதுமையில் இங்கிலாந்தில் அடைக்கலம் கேட்டு வரும் அந்த ஜெர்மானியர், அதிகாரிகள் முன் தம் கதையைச் சொல்லும் நீண்ட காட்சி, அகதியாய் வாழ்ந்தறியாத ஒருவரால் எழுதக்கூடியதன்று. பிரெஸ்பர்கரே அப்போது ‘எதிரி நாட்டவர்’ என்ற முத்திரையோடு லண்டனில் வாழ்ந்தவர். ஊரில் இருந்த தாயார் பின்னர் ஆஷ்விட்ஸ் முகாமில் கொல்லப்பட்டார். அத்துயரம் கடைசிவரை அவரை விடவில்லை.

‘தி ரெட் ஷூஸ்’ (1948) கதையை முதலில் கோர்டாவுக்காக எழுதியிருந்தார். பிறகு பவலும் அவருமே உரிமையைத் திரும்ப வாங்கிப் படமாக்கினார்கள். 1957-க்குப் பின் கூட்டணி பிரிந்தது. 1966-இல், லண்டனில் ஒளிந்து வாழும் நாஜி மருத்துவனை மையமாக வைத்து ‘தி கிளாஸ் பேர்ல்ஸ்’ என்ற நாவலை எழுதினார். தம் இனத்தை அழித்த தரப்பைச் சேர்ந்த ஒருவனின் அச்சத்துக்குள் புகுந்து எழுதிய அந்தத் துணிவுக்கு உரிய கவனம் அன்று கிடைக்கவில்லை. 1981-இல் பிரிட்டிஷ் திரைப்படக் கழகமான பாஃப்டா அமைப்பு இருவருக்கும் தன் உயரிய விருதை வழங்கியது. 1988-இல் பிரெஸ்பர்கர் காலமானார்.

முதலில் ‘கர்னல் பிளிம்ப்’ பாருங்கள். அமெரிக்காவில் வெட்டிச் சுருக்கி வெளியிட்ட வடிவமும் உண்டு. அதைத் தவிர்த்து, முழு நீளப் படத்தையே தேடிப் பாருங்கள்.