டிவி தொடர் சலித்தவர்களுக்கு டோரேமான் சினிமாக்கள் பிடிக்குமா?

கேள்வி கேட்டவர் டோரேமான் என்ற ஜப்பானியக் கார்ட்டூன் தொடரைப் பார்த்துச் சலித்துவிட்டதாகவும், படங்களை மட்டும் ஏன் இப்படிக் கொண்டாடுகிறார்கள் என்று புரியவில்லை என்றும் எழுதியிருந்தார். சலித்தவர்களில் நானும் ஒருவன். அக்கா பையனுக்குத் துணையாக ஒரு மத்தியானம் உட்கார்ந்தபோது 2006-ல் வந்த 'நோபிதாவின் டைனோசர்' ஓடியது. அவன் பாதியிலேயே தூங்கிவிட்டான், நான்தான் படம் முடியும்வரை இடத்தை விட்டு அசையவில்லை.

தொடரில் கதை எப்படிப் போகும்? பள்ளிப் பையன் நோபிதா அடி வாங்கி அழுவான், எதிர்காலத்திலிருந்து வந்த பூனை ரோபோ டோரேமான் தன் பையிலிருந்து ஒரு கருவியை எடுத்துக் கொடுக்கும், பேராசைப்பட்டு இவன் அதைக் கெடுப்பான், அடுத்த கதையில் எல்லாம் பழையபடி இருக்கும். நல்ல படங்களில் இது நடக்காது. கருவி கைவிடும், போன இடத்திலிருந்து திரும்ப வழி இருக்காது.

'நோபிதாவின் டைனோசர்' கதையையே பாருங்கள். கூடப் படிக்கும் சுனியோ ஒரு டைனோசர் நகத்தைக் காட்டிப் பீற்றிக்கொள்ள, நோபிதா வீம்புக்கு "நான் முழு டைனோசரையே கண்டுபிடிக்கிறேன், இல்லாவிட்டால் மூக்கால் ஸ்பகெட்டி சாப்பிடுகிறேன்" என்று சவால் விட்டுவிடுகிறான். தோண்டியதில் கிடைத்த முட்டையை வைத்துப் படுக்கையில் அடைகாத்துப் பொரிக்கிறான். குட்டிக்கு பீசுகே என்று பேர். (இது ஃபுடபாசாரஸ் வகை. 1968-ல் ஃபுகுஷிமாவில் ஒரு பள்ளி மாணவன் நிஜமாகவே கண்டெடுத்த கடல் ஊர்வன; சரியாகச் சொன்னால் டைனோசர் இல்லை.) அதை அதன் காலத்திலேயே விட்டுவரப் போகும்போது டைம் மிஷின் பழுதாகி, காலம் தாண்டினாலும் இடம் மாற முடியாமல், நண்பர்களோடு வட அமெரிக்காவில் மாட்டிக்கொள்கிறார்கள். அங்கிருந்து ஜப்பானுக்குப் போய்ச் சேர்ந்தால்தான் வீடு.

அந்த வழியில் ஒரு காட்சி. பறக்கும்போது கூட வந்த ஜியானின் தலையில் மாட்டிய குட்டிக் காப்டர் மக்கர் பண்ணுகிறது, நோபிதா அவன் கையைப் பிடித்துக்கொண்டு விடவே மாட்டேன் என்கிறான். பின்னால் டைனோசர் வேட்டைக்காரன் ஒருவன் வந்து, குட்டியைக் கொடுத்தால் வீட்டில் கொண்டுபோய் விடுகிறேன் என்கிறான். சுனியோ சரி என்கிற நிலைமைக்கு வந்துவிட, ஜியான் மட்டும் நடந்தே போகலாம் என்கிறான். அன்றைக்கு நோபிதா என் கையை விடவில்லை, அவ்வளவுதான் அவன் சொல்லும் காரணம். தெருவில் தினமும் நோபிதாவைப் போட்டு மொத்துகிற அதே ஜியான்! படங்களில் மட்டும் நல்லவனாகிவிடுவதால் ஜப்பானில் 'சினிமா ஜியான்' என்றே கிண்டலாகச் சொல்வார்கள்.

அப்புறம், பல படங்கள் பிரிவில்தான் முடிகின்றன. 1980-ல் தொடங்கி ஏறக்குறைய எல்லா வருஷமும் மார்ச் மாதம் ஒரு படம் வந்துவிடும். ஜப்பானில் பள்ளி ஆண்டு முடிவதும் அதே மார்ச்சில்தான். கூடப் படித்தவனிடம் விடைபெற்ற கையோடு தியேட்டருக்குப் போகும் பிள்ளைக்கு பீசுகேயை விட்டுவருவது வெறும் கதையாகவா தெரியும்?

1986-ல் வந்த ரோபோ படை படம் இன்னும் கனமானது. பூமியை உளவு பார்க்க வந்த ரிருரு என்ற ரோபோப் பெண் அடிபட்டுக் கிடக்கிறாள். எதிரி என்று தெரிந்தும் நோபிதாவின் தோழி ஷிசுகா கட்டுப்போட்டுப் பார்த்துக்கொள்கிறாள். முடிவில் தன் இனத்தின் ஆதி ரோபோக்களைத் திருத்த ரிருரு தானே முன்வருகிறாள், அதைச் செய்தால் தானே பிறந்திருக்க மாட்டாள் என்று தெரிந்தும். இதைக் குழந்தைகள் படம் என்று வைத்திருக்கிறார்கள்!

எல்லாப் படமும் இப்படி என்று சொல்ல மாட்டேன். 2014-ல் வந்த 'ஸ்டாண்ட் பை மீ' முப்பரிமாணத்தில் பார்க்க அழகு. ஆனால் பல அழுகைக் கதைகளை ஒரே மூட்டையாகக் கட்டி "இப்போ அழு, இப்போ அழு" என்று உலுக்குகிற மாதிரி எனக்குப் பட்டது. கல்யாணத்துக்கு முந்தின நாள் ஷிசுகாவும் அவள் அப்பாவும் பேசும் இடத்தில் நானும் அழுதேன், அது வேறு விஷயம்.

முதலில் 2006 படத்தைப் பாருங்கள், பிடித்தால் ரிருரு. அக்கா பையன் எழுந்ததும் "டைனோசர் என்னாச்சு மாமா?" என்று கேட்டான். திரும்பப் போட்டுவிட்டேன், இரண்டு பேரும் உட்கார்ந்து பார்த்தோம்.