டெக்சாஸ் கைத்துப்பாக்கியோடு நியூஜெர்சி வழியாக மெய்னுக்குக் காரில் போகலாமா?

போகலாம், நியூஜெர்சியில் தங்காத வரை.

டெக்சாஸில் 2021 செப்டம்பர் முதல், சட்டத் தடை எதுவும் இல்லாத 21 வயதுக்காரர் உரிமம் இல்லாமலே கைத்துப்பாக்கி ஏந்தலாம். மெய்னிலும் கிட்டத்தட்ட அப்படித்தான். ஆனால் நியூஜெர்சி வெளிமாநில உரிமம் எதையும் ஏற்பதில்லை. அனுமதியின்றி வைத்திருந்தால் 5 முதல் 10 ஆண்டு சிறை.

இடையில் காப்பது 1986ஆம் ஆண்டு கூட்டாட்சிச் சட்டம். புறப்படும் இடம், சேரும் இடம் இரண்டிலும் அந்தத் துப்பாக்கியை வைத்திருக்கவும் ஏந்தவும் உங்களுக்குச் சட்டப்படி உரிமை இருக்க வேண்டும். குண்டுகளைக் கழற்றி, துப்பாக்கியையும் குண்டுகளையும் டிக்கியில் வையுங்கள். எஸ்யூவி மாதிரி டிக்கி தனியாக இல்லாத வண்டி என்றால் பூட்டிய பெட்டி. டாஷ்போர்டு அறையைப் பூட்டிவைத்தாலும் செல்லாது. பலர் சிக்குவது இங்கேதான்.

இன்னொரு சிக்கல் இரவுத் தங்கல். நியூஜெர்சியின் நெவார்க் விமான நிலையத்தில் இணைப்பு விமானத்தைத் தவறவிட்ட பயணி ஒருவர், துப்பாக்கி இருந்த தன் பெட்டியைத் திரும்பப் பெற்றுக்கொண்டு ஓட்டலுக்குப் போனார். மறுநாள் விமான நிலையத்தில் துப்பாக்கி இருப்பதை அவரே சொல்லியும் கைதானார். குற்றச்சாட்டு பின்னர் கைவிடப்பட்டது. ஆனால் அவர் தொடுத்த வழக்கை 2010இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் ஏற்கவில்லை: பெட்டி கைக்கு வந்ததுமே கூட்டாட்சிச் சட்டத்தின் பாதுகாப்பு போய்விட்டதாம்!

எச்-1பி விசாக்காரர்களுக்கு இதற்கு முன்பே ஒரு தடை உண்டு. செல்லுபடியாகும் வேட்டை உரிமம் போன்ற விதிவிலக்கு இல்லாமல், எந்த மாநிலத்திலும் துப்பாக்கி வைத்திருக்கக் கூடாது.