காலத்தை மாத்துற பீரங்கியை கதையில லாஜிக்கோட வைக்க முடியுமா?

நீங்க கேட்ட மாதிரி, பத்து செகண்ட் முன்னாடி எதிரி நின்ன இடத்துல போய் வெடிக்கிற குண்டுன்னா முதல் தலைவலியே பூமிதான். சூரியனைச் சுத்தி செகண்டுக்கு கிட்டத்தட்ட 30 கிலோமீட்டர் ஓடிட்டிருக்கு, அப்போ பத்து செகண்ட்ல 300 கிலோமீட்டர் நகர்ந்திருக்கும், குண்டு எதைப் பிடிச்சுக்கிட்டு பின்னாடி போகுதுன்னு சொல்லலைன்னா அது வெட்டவெளியிலதான் வெடிக்கும். மந்திரக் கல்லு ஒன்னு இலக்கோட கட்டி வச்சிருக்குன்னு ஒரு வரி எழுதிட்டு நகர்ந்துடுங்க.

எனக்குப் பிடிச்சது வேற ரூட். குண்டு விழுந்த இடத்துல ஒரு குமிழி உருவாகி, அதுக்குள்ள மட்டும் காலம் 100 மடங்கு ஸ்லோ ஆகட்டும். காலம் இடத்துக்கு இடம் வேற வேகத்துல ஓடுறது நிஜம்தான், ஜிபிஎஸ் சாட்டிலைட் கடிகாரமே தரையை விட ஒரு நாளைக்கு சுமார் 38 மைக்ரோசெகண்ட் வேகமா ஓடுது. இப்போ அந்தக் குமிழிக்குள்ள மாட்டுனவனை யோசிங்க, வெளிய 100 செகண்ட்ல விழற வெயில் மொத்தமும் அவனுக்கு ஒரே செகண்ட்ல வந்து சேருது, அதுவும் ஒவ்வொரு ஒளித்துகளும் 100 மடங்கு சக்தியோட, ஆக மொத்தம் 10,000 மடங்கு. 500 நானோமீட்டர் பச்சை வெளிச்சம் 5 நானோமீட்டரா சுருங்கி எக்ஸ்ரே பக்கம் போயிடும். வெடிமருந்தே வேணாம், வெயிலே வறுத்துடும்!

வெளிய நிக்கிறவங்களுக்கு நேர் எதிர், உள்ள இருந்து வர்ற வெளிச்சம் அகச்சிவப்பா மாறிடுறதால கண்ணுக்கு வெறும் கருப்பு உருண்டைதான் தெரியும். ராத்திரில சுட்டாலும் தப்பிக்க முடியாது, சுத்தியிருக்கிற தரையும் காத்தும் விடுற வெப்பக் கதிரும் அதே மாதிரி 10,000 மடங்கு ஏறிடும், அதை வச்சே நீங்க ஒரு சண்டைக் காட்சி எழுதலாம்.